நூலகவியலின் தந்தை எஸ். ஆர். அரங்கநாதன்

(இரண்டாம் ஆண்டு, பி.எஸ்ஸி. கணிதம்)

பட்டுக்குப் பேர் பெறுமுன்பே கல்விக்குப் பேர் பெற்ற நகரம் நம் காஞ்சி. கடம்ப மரபைத் தோற்றுவித்த மயூரசர்மன், மேலும் கற்க விரும்பிக் காஞ்சியிலிருந்த கடிகையை நாடி வந்த செய்தியைக் கருநாடக நாட்டுத் தாளகுந்தாக் கல்வெட்டு கூறுகிறது. ஏழாம் நூற்றாண்டில் சீனப் பயணி யுவான் சுவாங் இந்நகருக்கு வந்து சென்றார். அக்காலத்தில் கற்க விரும்பியவன் சுவடி இருக்கும் இடத்தைத் தேடிக் காடும் மலையும் கடந்து நடந்தான். நம் காலத்திலோ நூல்தான் படிப்பவனைத் தேடி வர வேண்டும் என்று ஒருவர் சொன்னார். சொன்னதோடு நில்லாமல் அதற்கு வழியும் வகுத்தார். அவர்தாம் சீர்காழி இராமாமிர்தம் அரங்கநாதன். அவர் கணிதம் படித்தவர். அதனால் கணித மாணவியாகிய எனக்கு அவர் மீது தனி உரிமை உண்டு என்று எண்ணிக்கொள்கிறேன்.

எழுதத் தூண்டிய நிகழ்ச்சி

சென்ற ஆண்டு, கணித மேதை இராமானுஜனைப் பற்றி வகுப்பில் ஒரு கட்டுரை படிக்கும் பொறுப்பு எனக்கு வந்தது. 1967-இல் வெளிவந்த ஓர் ஆங்கில வாழ்க்கை வரலாற்றைப் படித்துவிட்டு எழுதுமாறு ஆசிரியர் பணித்தார். என் தந்தையார் தறி நெய்பவர். எங்கள் குடும்பத்தில் கல்லூரிப் படியேறிய முதல் ஆள் நான். அந்த நூலை விலை கொடுத்து வாங்க வழியில்லை. எனவே ஒரு நூலகத்துக்குச் சென்றேன். அங்குப் புதிதாகக் கணிப்பொறிப் பட்டியல் வைத்திருந்தார்கள். ஆசிரியர் பெயரைத் தட்டிப் பார்த்தேன்; இல்லை என்றது. நூலின் பெயரைத் தட்டினேன். அதற்கும் இல்லை என்றே விடை வந்தது. நூல் இல்லாமலே கட்டுரையை எழுதிப் படித்தேன். அது எப்படி இருந்திருக்கும் என்பதை விரித்துச் சொல்ல வேண்டியதில்லை!

மூன்று மாதம் கழிந்து அதே நூலகத்துக்கு வேறொரு வேலையாகப் போயிருந்தேன். அங்கு நெடுநாள் பணியாற்றிய உதவியாளர் ஒருவர், நான் தேடியதைக் கேட்டுவிட்டு நேரே ஓர் அடுக்குக்குப் போய் அந்த நூலை எடுத்து வந்து கையில் கொடுத்தார். பிறகுதான் விவரம் தெரிந்தது. பட்டியலில் ஏற்றியவர் இராமானுஜன் பெயரை ஓர் எழுத்து மாற்றி ஏற்றியிருந்தார். ஆசிரியர் பெயரிலோ, முன்னெழுத்துகளைக் குடும்பப் பெயருக்கான கட்டத்தில் போட்டுவிட்டார். நூல் அடுக்கில் இருந்தது. பட்டியலுக்கு மட்டும் தெரியாமற் போயிற்று.

அந்த நூலை எழுதியவர் யார் தெரியுமா? இந்நாட்டில் நூலகப் பட்டியலுக்கு விதிகள் வகுத்த அதே அரங்கநாதன்! தென்னாட்டார் பெயரில் முதலில் நிற்பது ஊர் எழுத்தும் தந்தை எழுத்தும், இறுதியில் நிற்பதே அவருடைய சொந்தப் பெயர், அந்தப் பெயரின் கீழ்தான் பதிவு அமைய வேண்டும் என்பதையெல்லாம் எண்ணிப் பார்த்து விதி செய்தவர் அவர். எஸ் என்பது சீர்காழி, ஆர் என்பது இராமாமிர்தம். அவருடைய நூலே அந்த விதி தவறியதால் மறைந்து கிடந்தது. அன்று முதல் இப்பெருமகனாரைப் பற்றித் தேடித் தேடிப் படித்தேன். படித்ததை என் தோழர் தோழியருக்குச் சொல்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

பிறப்பும் கல்வியும்

அன்றைய தஞ்சை மாவட்டத்துச் சீர்காழியில் 1892-ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்களில் அரங்கநாதன் பிறந்தார். இளமையிலேயே தந்தையை இழந்தார். சீர்காழியில் பள்ளிப் படிப்பை முடித்துச் சென்னைக் கிறித்துவக் கல்லூரியில் சேர்ந்தார். அங்கு எட்வர்டு ராஸ் என்னும் கணிதப் பேராசிரியரின் அன்புக்குரிய மாணவரானார். 1913-இல் பி.ஏ. பட்டமும், 1916-இல் கணிதத்தில் எம்.ஏ. பட்டமும் பெற்றார். பின்பு சைதாப்பேட்டை ஆசிரியர் கல்லூரியில் பயிற்சி பெற்றார். அவருக்குத் திக்குவாய் இருந்தது. அத்தகையவர் ஆசிரியர் தொழிலையே விரும்பி ஏற்றார்; முயன்று அக்குறையையும் வென்றார். பேசத் தயங்கி வகுப்பின் கடைசி வரிசையில் உட்காரும் நம்மில் பலர் இதை நினைவிற் கொள்ளலாம்.

1917 முதல் மங்களூர், கோயம்புத்தூர் அரசுக் கல்லூரிகளிலும், பின்பு சென்னை மாநிலக் கல்லூரியிலும் கணிதம் கற்பித்தார். மாணவரோடு உரையாடிப் பாடம் நடத்துவதில் அவருக்கு மிகுந்த மகிழ்ச்சி. ஆனால் ஊதியம் குறைவு. இந்நிலையில் சென்னைப் பல்கலைக்கழகம் முதன் முறையாக ஒரு நூலகர் பதவியை ஏற்படுத்தியது. நண்பர்கள் வற்புறுத்தலால் விண்ணப்பித்தார். விண்ணப்பித்தவர் ஏறத்தாழ 900 பேர். நூலகப் பயிற்சி எதுவும் இல்லாத இக்கணித ஆசிரியரே தேர்ந்தெடுக்கப்பட்டார். 1924 ஜனவரியில் பதவி ஏற்றார்.

ஏற்ற சில நாட்களிலேயே அவருக்கு அலுத்துவிட்டது. கலகலப்பான வகுப்பறை எங்கே, ஆளரவமற்ற புத்தக அறை எங்கே! கல்லூரிக்கே திரும்பிப் போகிறேன் என்று வேண்டினார். முதலில் இங்கிலாந்து சென்று நூலகப் பயிற்சி பெற்று வாருங்கள், அதன் பின்பும் பிடிக்கவில்லை என்றால் கல்லூரிக்குத் திரும்பலாம் என்று மேலோர் இசைந்தனர். விருப்பமின்றி ஏற்ற அந்தப் பதவிதான் அவரை உலகறியச் செய்தது.

இலண்டனில் பெற்ற ஒளி

இலண்டன் பல்கலைக்கழகக் கல்லூரியின் நூலகவியல் பள்ளியில் சேர்ந்தார். குராய்டன் நகர நூலகத்தின் தலைவரும் பகுப்பு முறை வல்லுநருமான பெர்விக் சேயர்ஸ் அவருக்கு ஆசிரியராக வாய்த்தார். படிப்போடு நிற்காமல் அந்நாட்டு நூலகங்கள் பலவற்றுக்கும் சென்று பார்த்தார். தொழிலாளரும், பெண்களும், சிறுவரும் எவரையும் கேளாமல் அடுக்கினருகே சென்று நூலைப் புரட்டிப் பார்ப்பதைக் கண்டார். நம் நாட்டிலோ அந்நாளில் புத்தகம் என்றால் பூட்டு, பூட்டு என்றால் சாவி, சாவி என்றால் அதை வைத்திருப்பவரின் தயவு!

ஒன்றை மட்டும் அவர் உள்ளம் ஏற்கவில்லை. எந்த நூலகத்திலும் நூல்களை அடுக்கும் முறை அவருக்கு நிறைவு தரவில்லை. அமெரிக்கரான மெல்வில் டூயி 1876-இல் வெளியிட்ட பதின்மப் பகுப்பு முறையே பரவலாக வழங்கிவந்தது. அது அறிவுலகம் முழுவதையும் பத்து வகுப்புகளாக்கி, ஒவ்வொன்றையும் மேலும் பத்துப் பத்தாகப் பிரித்து எண் கொடுப்பது. எளிய முறைதான். ஆனால் நம் நாட்டுக்கு அது எவ்வாறு பொருந்தும்? சமயத்துக்கு உரிய 200-களில் 220 முதல் 280 வரை கிறித்துவத்துக்கே ஒதுக்கப்பட்டிருந்தது. சைவம், வைணவம், பௌத்தம், சமணம், இசுலாம் யாவும் 290 என்ற ஒரே அறையில் நெருங்கி உட்கார வேண்டும். இப்போதைய டூயி முறையில் நம் தமிழ் மொழியின் எண் 494.811, ஆங்கிலத்துக்கோ 420 என்ற மூன்றே இலக்கம். சங்கர மடமும், ஏகாம்பரநாதர் கோயிலும், வரதராசர் கோயிலும், திருப்பருத்திக்குன்றத்துச் சமணக் கோயிலும் உள்ள காஞ்சியில் ஒரு நூலகம் அமைத்தால் எந்த அடுக்கு வழிந்து எந்த அடுக்கு காலியாக நிற்கும் என்று எண்ணிப் பாருங்கள்!

இச்சிந்தனையோடு இருந்தவர் ஒரு நாள் இலண்டன் செல்ஃபிரிட்ஜஸ் கடையில் மெக்கானோ என்ற விளையாட்டுப் பெட்டியைக் கண்டார். சில உலோகப் பட்டைகள், சக்கரங்கள், கம்பிகள், திருகாணிகள். அவற்றை மாற்றி மாற்றிப் பூட்டினால் ஒரு முறை வண்டி, ஒரு முறை பாலம். முழுப் பொம்மைகளை விற்காமல் உறுப்புகளை மட்டும் கொடுத்தால் எண்ணற்ற பொம்மைகள் செய்யலாம். அறிவுத் துறைகளுக்கும் இவ்வாறே உறுப்புகளை மட்டும் பட்டியலிட்டு வைத்து, வேண்டியபோது இணைத்துக்கொண்டால் என்ன என்ற எண்ணம் பளிச்சிட்டது. 1925-இல் ஊர் திரும்பும்போது கப்பலிலிருந்த சிறு நூலகத்திலேயே தம் முறையைச் சோதித்துப் பார்த்தார்.

கோலன் பகுப்பு முறை

இம்முறையை விளக்க நம் ஊர்ச் சேலையே போதும். காஞ்சிப் பட்டில் உடல், கரை, முந்தி என மூன்று உண்டு. உடல் ஒரு நிறம், கரை ஒரு நிறம். இரண்டையும் தறியிலேயே பிணைத்து நெய்வதைக் கோர்வை என்கிறோம். ஒரு கடைக்காரர் நிறத்துக்கு ஓர் அறை என்று நூறு அறைகள் செய்து சேலைகளை அடுக்குகிறார் என்று வைத்துக்கொள்வோம். மாம்பழ நிற உடலும் அரக்குக் கரையும் கொண்ட சேலையை எந்த அறையில் வைப்பார்? கரையைச் சொல்லிக் கேட்பவருக்கு எப்படி எடுத்துக் கொடுப்பார்? புதுச் சேர்க்கை ஒன்று வந்தால் புது அறைக்கு எங்கே போவார்? அதற்கு மாறாக, உடல் நிறங்களுக்கு ஒரு பட்டியல், கரைகளுக்கு ஒரு பட்டியல், முந்திகளுக்கு ஒரு பட்டியல் வைத்து, மூன்று குறியையும் கோர்த்து ஒரு சீட்டில் எழுதிவிட்டால் எந்தச் சேலைக்கும் தனிக் குறி கிடைத்துவிடும். இனி வரப்போகும் சேலைக்கும் கிடைக்கும்.

அரங்கநாதன் செய்தது இதுவே. ஒரு பொருளைப் பல முகங்களாகப் பிரித்து, முகத்துக்கு ஒரு குறி கொடுத்து, குறிகளை முக்காற்புள்ளியால் இணைத்தார். முக்காற்புள்ளியின் ஆங்கிலப் பெயராலேயே அது கோலன் பகுப்பு முறை எனப்பட்டது. பிற்காலப் பதிப்புகளில் ஆள்மை, பொருள், ஆற்றல், இடம், காலம் என ஐந்து அடிப்படை முகங்களை வகுத்து, வேறு நிறுத்தக் குறிகளையும் சேர்த்துக்கொண்டார். ஓர் எடுத்துக்காட்டு: 1950-இல் இந்தியாவில் நுரையீரல் காசநோயை எக்ஸ் கதிரால் குணப்படுத்துவது பற்றிய ஆராய்ச்சி. இதில் எல் எனும் எழுத்து மருத்துவம், 45 நுரையீரல், 421 காசநோய், 6 சிகிச்சை, 253 எக்ஸ் கதிர், எஃப் எனும் எழுத்து ஆராய்ச்சி, 44 இந்தியா, என் எனும் எழுத்தோடு 5 சேர்ந்தால் 1950. ஒரே வரியில் நூலின் முழு வரலாறும் அடங்கிவிடுகிறது! கணிதத்தில் நாம் காரணிப்படுத்துகிறோமே, அதுபோன்றதே இது. கணித ஆசிரியருக்கன்றி வேறு யாருக்கு இது தோன்றும்?

இங்கு நாம் கற்க வேண்டிய பாடம் ஒன்றுண்டு. 1925-இல் தோன்றிய முறையை அவர் 1933-இல்தான் நூலாக வெளியிட்டார். இடைப்பட்ட எட்டாண்டுகள் சென்னைப் பல்கலைக்கழக நூலகத்தில் அன்றாடம் பயன்படுத்திப் பார்த்தார். பிழை கண்ட இடத்தில் திருத்தினார். 1934-இல் பட்டியல் விதிகளையும், 1935-இல் நூலக நிருவாக முறைகளையும் தனித்தனி நூல்களாக எழுதினார். இவற்றுக்கெல்லாம் முன்பே, 1929-இல், சென்னை நூலகச் சங்கத்தின் வாயிலாக நூலகப் பயிற்சிப் பள்ளியைத் தொடங்கிவிட்டார். அதைப் பின்னர்ப் பல்கலைக்கழகமே ஏற்று நடத்தியது. முறையைச் சோதித்தல், விதிகளை எழுதி வைத்தல், ஆட்களைப் பழக்குதல் ஆகிய மூன்றும் சேர்ந்தால்தான் ஒரு முறை நிலைக்கும் என்பதை அவர் செயலால் காட்டினார்.

ஐந்து விதிகள்

முறை எதுவாயினும் அது எதற்காக? இக்கேள்வி அவரை நெடுநாள் வாட்டியது. நூலகத்தில் ஆயிரம் வேலைகள் உள்ளன. அவற்றையெல்லாம் ஒரு சில அடிப்படை விதிகளில் அடக்க முடியாதா என்று கணித அறிஞருக்கே உரிய முறையில் சிந்தித்தார். 1928-இல் தம் பழைய ஆசிரியர் ராஸோடு உரையாடிக்கொண்டிருந்தபோது முதல் விதி தெளிவாயிற்று. மற்றவை அதிலிருந்து பிறந்தன. அவ்வாண்டு டிசம்பரில் சிதம்பரம் மீனாட்சிக் கல்லூரியில் கூடிய கல்வி மாநாட்டில் அவற்றை எடுத்துரைத்தார். 1931-இல் அவை நூலாயின.

நூல் பூட்டி வைப்பதற்கு அன்று, பயன்படுவதற்கே என்பது முதல் விதி. எவராயினும் ஒவ்வொரு வாசகருக்கும் அவருக்கு வேண்டிய நூல் கிடைக்க வேண்டும் என்பது இரண்டாவது. ஒவ்வொரு நூலும் தனக்குரிய வாசகரைச் சென்று அடைய வேண்டும் என்பது மூன்றாவது. வாசகரின் நேரத்தை வீணாக்கலாகாது என்பது நான்காவது. நூலகம் வளர்ந்துகொண்டே இருக்கும் உயிர் என்பது ஐந்தாவது. கேட்பதற்கு எவ்வளவு எளிமை! ஆனால் இவற்றைக் கடைப்பிடிக்கத் தொடங்கினால் பூட்டைத் திறக்க வேண்டும். உயரமான அடுக்கைக் கைக்கு எட்டும் உயரத்துக்குக் குறைக்க வேண்டும். வேலைக்குப் போகிறவர் வரும் நேரத்தில் கதவு திறந்திருக்க வேண்டும். பட்டியல் தெளிவாக இருக்க வேண்டும்.

அவர் இவற்றைச் செய்தும் காட்டினார். பல்கலைக்கழக நூலகத்தில் வாசகரை அடுக்குகளுக்கே செல்ல விட்டார். நூலகம் திறந்திருக்கும் நேரத்தை நீட்டித்தார். தேடி வருவோருக்கு உதவுவதற்கென்றே பணியாளரை அமர்த்தினார். 1936-இல் கடற்கரையில் அந்நூலகத்துக்குத் தனிக் கட்டடம் எழுந்தது. இருபது ஆண்டுகள் அவர் விடுப்பையே நாடவில்லை என்று அவர் வரலாற்றை எழுதியோர் குறிப்பர்.

நகரத்தோடு அவர் உள்ளம் நிற்கவில்லை. 1931-இல் மன்னார்குடியிலிருந்து கனகசபைப் பிள்ளை என்பவர் முயற்சியால் மாட்டு வண்டியில் நூல்கள் ஊர் ஊராகச் சென்றன. அரங்கநாதன் பரப்பிய இயக்கத்தின் கனி அது. ஆயினும் வள்ளல்கள் மனம் வைத்தால்தான் நூலகம் என்ற நிலை மாற வேண்டுமானால் சட்டம் வேண்டும் என்பது அவர் துணிபு. 1930-இல் காசியில் கூடிய அனைத்து ஆசியக் கல்வி மாநாட்டிலேயே மாதிரிச் சட்டம் ஒன்றை வரைந்து முன்வைத்தார். பதினெட்டு ஆண்டுகள் கழித்து, அவினாசிலிங்கம் செட்டியார் கல்வி அமைச்சராக இருந்தபோது, 1948-இல் சென்னைப் பொது நூலகச் சட்டம் நிறைவேறியது. விடுதலை பெற்ற இந்தியாவில் இவ்வகையில் முதற் சட்டம் இதுவே. சொத்து வரியோடு ஒரு சிறு நூலக வரியைச் சேர்த்து வாங்கி, அதைக் கொண்டு நூலகம் நடத்த அது வழி செய்தது. இன்று நம் மாவட்டத்தில் வேலை முடித்த நெசவாளி ஒருவர் கிளை நூலகத்தில் அமர்ந்து நாளிதழ் படிக்கிறார் என்றால், அவர் அமர்ந்துள்ள பெஞ்சுக்கு அச்சட்டமே கால்!

பிற்கால வாழ்க்கை

1945-இல் சென்னையை விட்டுக் காசி இந்துப் பல்கலைக்கழகம் சென்றார். 1947-இல் தில்லிப் பல்கலைக்கழகத்துக்கு மாறினார். பின்னர்ச் சிறிது காலம் சுவிட்சர்லாந்தில் சூரிச்சு நகரில் தங்கி ஆய்வு செய்தார். 1957-இல் பத்மசிறீ விருது பெற்றார். அவ்வாண்டே இங்கிலாந்தில் டார்க்கிங் என்னுமிடத்தில் கூடிய பன்னாட்டுப் பகுப்பாய்வு மாநாட்டில் பங்கு பெற்றார். அங்கு முகப் பகுப்பே இனித் தகவல் தேடலுக்கு அடிப்படை என்ற கருத்து வலுப்பெற்றது. 1950-இல் தொடங்கிய பிரிட்டிசுத் தேசிய நூற்பட்டியல், பொருளடைவு அமைப்பதில் அவருடைய சங்கிலி முறையைக் கையாண்டது. 1962-இல் இந்தியப் புள்ளியியல் நிறுவனத்தின் சார்பில் பெங்களூரில் ஆவண ஆராய்ச்சிப் பயிற்சி மையத்தை நிறுவினார். 1965-இல் தேசிய ஆராய்ச்சிப் பேராசிரியரானார். தம் சேமிப்பிலிருந்து ஓர் இலட்சம் ரூபாயைச் சென்னைப் பல்கலைக்கழகத்துக்கு அளித்து, மனைவி சாரதாவின் பெயரால் நூலகவியல் பேராசிரியர் பதவிக்கு வழி செய்தார். 1972 செப்டம்பர் 27-இல் பெங்களூரில் மறைந்தார். ஆகஸ்டு 12-ஆம் நாளை நாடெங்கும் நூலகர் நாளாகக் கொண்டாடுகிறோம்.

நிறையும் குறையும்

புகழ்ந்தே எழுதினால் அது வரலாறு ஆகாது. அவருடைய பகுப்பு முறையை இன்று இந்தியாவிலேயே சில நூலகங்கள்தாம் பின்பற்றுகின்றன. குறை சொல்லப்பட்ட டூயி முறையே எங்கும் ஆட்சி செய்கிறது. காரணம் என்ன? டூயி முறையைக் காத்து, புதிய துறைகளுக்கு எண் சேர்த்து, தொடர்ந்து வெளியிட ஒரு நிலையான அமைப்பு அமெரிக்காவில் இருந்து வருகிறது. கோலன் முறையின் ஆறாம் பதிப்பு 1960-இல் வந்தது. ஏழாம் பதிப்பு 1987-இல்தான், அதாவது அவர் மறைந்து 15 ஆண்டுகள் கழித்துத்தான், வெளிவந்தது. பதிப்புக்குப் பதிப்பு குறிகளும் மாறின. ஆயிரக்கணக்கான நூல்களின் முதுகுச் சீட்டை மீண்டும் மீண்டும் மாற்றி ஒட்ட எந்த நூலகத்தால் முடியும்? சிறந்த முறை என்பது மட்டும் போதாது. அதைப் பேணுபவர் நாளையும் இருப்பாரா என்றும் கேட்டே தேர்ந்தெடுக்க வேண்டும் என்பதை அவர் வெற்றியோடு சேர்த்து இக்குறையும் நமக்குக் கற்பிக்கிறது.

ஆனால் அவர் கருத்து தோற்கவில்லை. இணையத்தில் பட்டுச் சேலை தேடுவோர் நிறம் இன்னது, கரை இன்னது, விலை இன்னது என்று தனித்தனிக் கட்டத்தில் குறியிட்டுத் தேடுகிறார்களே, அதுவும் முகப் பகுப்பேதான். நம் ஊர் வணிகர் அவர் பெயரை அறியாமலே அவர் வகுத்த வழியில் வியாபாரம் செய்கிறார்.

இன்றைக்கு அவர் அளவுகோல்

இப்பொழுது நூலகம்தோறும் கணிப்பொறி வந்துவிட்டது. காந்திநகரிலுள்ள இன்ஃபிளிப்நெட் நிறுவனம் பல்கலைக்கழகங்களுக்கும் கல்லூரிகளுக்கும் சோல் என்ற மென்பொருளை அளிக்கிறது. தேசிய தகவலியல் மையம் இ-கிரந்தாலயா என்பதை உருவாக்கியுள்ளது. நியூசிலாந்தின் ஹோரோவெனுவா என்ற சிறு மாவட்டத்து நூலகம், தன் பழைய கணிப்பொறி முறை 2000-ஆம் ஆண்டுத் தேதியைத் தாங்காது என்று அறிந்து, புதிதாகக் கோஹா என்ற ஒன்றைச் செய்வித்து, அதை எவரும் இலவசமாக எடுத்துத் திருத்திக்கொள்ளலாம் என்று வெளியிட்டது. இன்று அது நம் நாட்டிலும் பல நூலகங்களில் பயன்படுகிறது. இவற்றுள் எதைத் தேர்வது?

அரங்கநாதனின் ஐந்து விதிகளையே ஐந்து கேள்விகளாக்கிக் கேட்கலாம் என்று எனக்குத் தோன்றுகிறது. இதை வாங்குவதால் கணக்கு எடுப்பது மட்டும் எளிதாகுமா, நூல் வாசகர் கைக்குப் போவதும் கூடுமா? அரங்கநாதன், ரங்கநாதன், இரங்கநாதன் என எப்படித் தட்டினாலும் ஒருவரையே காட்டுமா? தமிழ் நூல்களைத் தமிழிலேயே, யூனிகோடு எழுத்தில் ஏற்றித் தேட முடியுமா? எவரும் எடுக்காத நூலையும் தேடுவோர் கண்ணில் படச் செய்யுமா? வரிசையில் நிற்கும் நேரம் குறையுமா? நாளை வேறு மென்பொருளுக்கு மாற நேர்ந்தால், ஏற்றிய பதிவுகளை மார்க் போன்ற பொது அமைப்பில் முழுமையாக எடுத்துச் செல்ல முடியுமா? இறுதிக் கேள்வி மிக முக்கியமானது. மென்பொருள் பழையதாகிப் போகும். பதிவுகள் நூலகத்தின் சொத்து. அவை ஒருவர் பெட்டிக்குள் பூட்டுண்டு கிடந்தால், பழைய பூட்டு அலமாரி புது வடிவில் திரும்பி வந்ததாகவே பொருள்.

இதைப் பற்றி ஒரு நாள் தறிக்கு அருகில் அமர்ந்து என் தந்தையாரிடம் சொல்லிக்கொண்டிருந்தேன். அவர் மேலே தொங்கிய ஜக்கார்டு அட்டைகளைக் காட்டினார். அட்டையில் ஒரு துளை தவறாக விழுந்துவிட்டால் அப்பிழை கரை முழுவதும் திரும்பத் திரும்ப வரும். நெய்பவன் எவ்வளவு வல்லவனாயினும் தடுக்க முடியாது. ஆகையால் தறியைக் காட்டிலும் அட்டை அடிப்பவரைத்தான் பார்த்துத் தேர வேண்டும் என்றார். அவர் நூலகவியல் படித்தவரல்லர். ஆனால் 1890-இல் அமெரிக்க மக்கள்தொகைக் கணக்குக்கு ஹாலெரித் பயன்படுத்திய துளை அட்டைகள் கணிப்பொறியின் முன்னோடி என்பதும், துளை அட்டையால் வேலை வாங்கும் வழியை அதற்கும் முன்பே ஜக்கார்டு தறி காட்டியது என்பதும் நான் பாடத்தில் படித்தவை. பதிவேற்றுபவருக்குப் பயிற்சி தராமல் கணிப்பொறியை மட்டும் வாங்கி வைத்தால் என்ன ஆகும் என்பதற்கு எனக்குக் கிடைக்காமற்போன நூலே சான்று. அதை ஏற்றியவரைக் குறை கூற எனக்கு மனமில்லை. அவருக்கு எவரும் விதியைச் சொல்லிக் கொடுக்கவில்லை. அரங்கநாதன் 1929-இலேயே பயிற்சிப் பள்ளி தொடங்கியது இதற்காகத்தான்.

முடிவுரை

காஞ்சியில் பிறந்த பேரறிஞர் அண்ணாவின் பெயரால் 2010-இல் சென்னைக் கோட்டூர்புரத்தில் மாபெரும் நூலகம் எழுந்தது. 2023-இல் மதுரையில் கலைஞர் நூற்றாண்டு நூலகம் திறக்கப்பட்டது. இவை நமக்குப் பெருமை. ஆயினும் என்னைப் போல் வீட்டில் ஒரு புத்தக அலமாரி கூட இல்லாமல் படிக்க வருவோருக்கு, அருகிலுள்ள சிறு நூலகத்தின் பட்டியல் பிழையின்றி இருப்பதே பேருதவி. வசதியுள்ளவர் நூல் இல்லை என்ற விடையைக் கேட்டால் கடைக்குப் போவார். நாங்கள் வீட்டுக்குப் போவோம். இல்லை என்ற அந்த ஒரு சொல் உண்மையாக இருக்க வேண்டும் என்பதற்காகவே ஒரு கணித ஆசிரியர் தம் வாழ்நாளைச் செலவிட்டார்.

நான் முன்பு சொன்ன நூலகத்தில் அனுமதி பெற்று, தோழியர் மூவரும் நானும் சனிக்கிழமைதோறும் கணித அடுக்கின் நூல்களைக் கணிப்பொறிப் பதிவோடு ஒப்பிட்டு வருகிறோம். பிழைகளைத் தாளில் குறித்துக் கொடுக்கிறோம், நூலகர் திருத்துகிறார். முதலில் திருத்தியது எந்தப் பதிவை என்று சொல்ல வேண்டியதில்லை. இன்னும் இயற்பியல், வேதியியல் அடுக்குகள் இருக்கின்றன. விருப்பமுள்ள மாணவ மாணவியர் வந்து சேரலாம்.

வாழ்க அரங்கநாதன் புகழ்!